ஆசிரியர் வழக்குகள் – 6: நியமன ஒப்புதல்

அரசு நிதியுதவி பெறும் பள்ளியில் ஆசிரியரை நியமிப்பவர் தாளாளர். சம்பளம் கொடுப்பது அரசு. இரண்டுக்கும் நடுவில் இருப்பது கல்வித் துறையின் நியமன ஒப்புதல். அது வரும்வரை ஆசிரியரின் பெயர் வருகைப் பதிவேட்டில் இருக்கும், சம்பளப் பட்டியலில் இருக்காது.

இந்த ஒப்புதலுக்காக நடக்கும் வழக்கு திருநெல்வேலிக்குப் பழக்கமானது. வண்ணார்பேட்டையைத் தாண்டினால் வரும் பாளையங்கோட்டையில் கிறித்தவ மிஷன்கள் தொடங்கிய பள்ளிகள் ஏராளம். திருநெல்வேலி டவுனில் பாரதி படித்த ம.தி.தா. இந்துக் கல்லூரிப் பள்ளி இருக்கிறது. இப்படிப்பட்ட பழைய பள்ளிகள் பலவும் அரசு நிதியுதவியில் நடப்பவை. தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் (ஒழுங்குமுறை) சட்டம் 1973, சிறுபான்மைப் பள்ளிகளுக்கான 1977-ஆம் ஆண்டு விதிகள் ஆகிய இரண்டையும் வைத்தே பெரும்பாலான பழைய வழக்குகள் நடந்தன. 1973 சட்டத்தின் இடத்துக்கு 2018-இல் இயற்றிய புதிய சட்டம் 2023-இல் நடைமுறைக்கு வந்தது.

வழக்கு தொடங்குவது இப்படித்தான்: ஓர் ஆசிரியர் ஓய்வு பெறுகிறார். அந்த இடத்துக்கு நிர்வாகம் தகுதியுள்ள ஒருவரை எடுக்கிறது. கோப்பு மாவட்டக் கல்வி அலுவலகத்துக்குப் போகிறது. மாணவர் எண்ணிக்கை போதாது, அதே நிர்வாகத்தின் வேறு பள்ளியில் உபரி ஆசிரியர் இருக்கிறார், ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி இல்லை என ஏதாவது ஒரு காரணத்துடன் அது திரும்பிவரும். பணியிட நிர்ணயத்துக்கு ஆகஸ்ட் 1-ஆம் தேதியின் மாணவர் எண்ணிக்கையே கணக்கு. 29.12.1997 நாளிட்ட அரசாணை 525 அதற்கு அளவு வகுத்தது. பிறகு கல்வி உரிமைச் சட்டம் தொடக்க வகுப்புகளுக்கு 30 மாணவருக்கு ஓர் ஆசிரியர், நடுநிலை வகுப்புகளுக்கு 35 மாணவருக்கு ஓர் ஆசிரியர் என்றது. பல பள்ளிகளை நடத்தும் மறைமாவட்ட நிர்வாகத்தை ஒரே அலகாகக் கொள்வதா, பள்ளிவாரியாகப் பார்ப்பதா என்பதில்தான் உபரிச் சிக்கலின் முடிச்சு இருக்கிறது.

ஒப்புதல் மறுக்கப்பட்டால் அடுத்தது ரிட் மனு. 24.7.2004 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறக்கும்வரை இதற்காக 600 கிலோமீட்டருக்கு மேல் கடந்து சென்னைக்குப் போக வேண்டியிருந்தது. மறுப்பாணையை ரத்து செய்து, குறித்த வாரங்களுக்குள் மறுபரிசீலனை செய்யுமாறு உத்தரவிடுவது நீதிமன்ற வழக்கம். அதே கோப்பு வேறொரு காரணத்துடன் மீண்டும் மறுக்கப்பட்டால் இரண்டாவது மனு. ஆசிரியர் வென்றால் அரசின் மேல்முறையீடு. அதிலும் வென்று பணம் வராவிட்டால் அவமதிப்பு மனு. தாளாளருக்கும் துறைக்கும் இடையிலான இந்தத் தகராறில், அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் நாள் தவறாமல் பாடம் நடத்தியவர் சம்பளமின்றி இருப்பது அநீதி.

ஒப்புதல் எந்தத் தேதியிலிருந்து என்பதும் பெரிய விஷயம். பணியில் சேர்ந்த நாள் முதல் என்றால் நிலுவைத் தொகையும் ஊதிய உயர்வும் கிடைக்கும். ஆணையின் நாள் முதல் என்றால் இடைப்பட்ட ஆண்டுகள் போய்விடும். 1.4.2003 முதல் பணியில் சேர்ந்தோருக்குப் பங்களிப்பு ஓய்வூதியம் வந்ததால், அதற்கு முன் சேர்ந்து ஒப்புதல் தாமதமானவர்களுக்கு பழைய ஓய்வூதியம் உண்டா இல்லையா என்பதையே இந்தத் தேதி தீர்மானித்தது.

2006-இல் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, முறைப்படி தேர்வாகாத தற்காலிகப் பணியாளர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்றது. அனுமதிக்கப்பட்ட இடத்தில் தகுதியோடு சேர்ந்தவருக்கு அதைப் பொருத்துவது சரியல்ல. அவர் கேட்பது ஒப்புதலையே. உமாதேவி தீர்ப்பு தடையாக நிற்பது அரசுப் பள்ளிகளின் பகுதிநேர ஆசிரியர்களுக்குத்தான். 2012-இல் ஓவியம், உடற்கல்வி, கணினி, தையல் போன்ற பாடங்களுக்கு 16,549 இடங்கள் உருவாயின. மாதம் 5,000 ரூபாய்; பின்னர் அது படிப்படியாக உயர்ந்து 2024-இல் 12,500 ஆனது.

முறையாகத் தேர்வானவர்களிலும் பிளவு உண்டு. 31.5.2009 வரை சேர்ந்த இடைநிலை ஆசிரியருக்கு அடிப்படை ஊதியம் 8,370 ரூபாய், மறுநாள் முதல் சேர்ந்தவருக்கு 5,200 என்று அப்போது நிர்ணயமானது. வேலை ஒன்றே, அன்றைய வித்தியாசம் 3,170. 2016-இல் ஜக்ஜித் சிங் வழக்கில் சம வேலைக்குச் சம ஊதியம் தற்காலிகப் பணியாளருக்கும் உண்டு என்ற உச்ச நீதிமன்றம், 2019-இல் பீகாரின் ஒப்பந்த ஆசிரியர்களுக்கு அதை மறுத்தது.

தகுதித் தேர்வு விஷயம் இன்னும் முடியவில்லை. அந்தத் தேர்வுக்கு அடிப்படையான கல்வி உரிமைச் சட்டம் சிறுபான்மைப் பள்ளிகளுக்குப் பொருந்தாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றத்தின் பிரமதி தீர்ப்பு கூறியது. 1.9.2025 அன்று உச்ச நீதிமன்றத்தின் இருவர் அமர்வு, ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் உள்ள ஆசிரியர்கள் இரண்டாண்டுக்குள் தேர்ச்சி பெற வேண்டும் என்றது. பிரமதி தீர்ப்பிலேயே ஐயம் எழுப்பி, அந்தக் கேள்வியைப் பெரிய அமர்வு பரிசீலிக்க வேண்டும் என்றும் கூறியது. அதற்கு விடை வரும்வரை சிறுபான்மைப் பள்ளிகளுக்கு விலக்கு நீடிக்கும் என்பதும் அதே தீர்ப்பில் உள்ளது.