அன்று ஃப்ரோடோ, பிறகு பில்போ

'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' படத்துல பில்போவா வர்ற பெரியவரை ஞாபகம் இருக்கா நேயர்களே? அவர்தான் பிரிட்டிஷ் நடிகர் இயன் ஹோம். அதே கதையை 1981-ல பிபிசி வானொலி நாடகமா ஒலிபரப்பினப்போ, மோதிரத்தைச் சுமந்து போற இளைஞன் ஃப்ரோடோவுக்குக் குரல் கொடுத்தவரும் இவரேதான்! இருபது வருஷம் கழிச்சு, திரையில அந்த ஃப்ரோடோவை வளர்த்தவரா வந்து நின்னார். நம்ம வானொலிக்காரங்களுக்கு இதுல தனிச் சந்தோஷம்!

'ஏலியன்'ல மனுஷனாவே நம்பவைக்கிற ரோபோவும் இவர்தான். 'சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்'ல ஓட்டப் பயிற்சியாளர். தன் சீடன் பந்தயத்துல ஓடுறப்போ, மைதானத்துக்குள்ள போகாம ஓட்டல் அறையிலேயே காத்திருப்பார். ஜன்னல் வழியா தன் நாட்டுக்கொடி மேலே ஏறுறது தெரியும். சீடன் ஜெயிச்சுட்டான்! சந்தோஷம் தாங்காம, கையில இருக்கிற வைக்கோல் தொப்பியில விடுவார் பாருங்க ஒரு குத்து, தொப்பியே கிழிஞ்சிடும்!