உங்களுக்குத் தெரியுமா? டான்யூப் நடுவே ஒரு துருக்கி ஊர்
ருமேனியாவின் ஒர்ஷோவா நகருக்குக் கீழே, டான்யூப் ஆற்றின் நடுவில் அடா காலே என்றொரு தீவு இருந்தது. நீளம் இரண்டு கிலோமீட்டர்கூட இல்லை. ஆஸ்திரியர்கள் கட்டிய கோட்டைக்குள் துருக்கியர்கள் குடியிருந்தார்கள். பள்ளிவாசல், காபிக் கடைகள், அத்திமரங்கள், புகையிலை, ரோஜா மணக்கும் ‘லோக்கும்’ மிட்டாய் என்று அது தனி உலகம்.

வேடிக்கை என்னவென்றால், 1878இல் பெர்லின் மாநாட்டில் பால்கன் நிலத்தைப் பங்குபோட்ட வல்லரசுகள் இந்தத் தீவை மறந்தே போயின! ஆஸ்திரிய-ஹங்கேரியப் படை அங்கே காவல் நின்றது. உரிமையோ துருக்கி சுல்தானுக்கே இருந்தது. 1913இல் ஹங்கேரி அதைத் தன்னோடு சேர்த்துக்கொண்டது. 1923இல் லோசான் ஒப்பந்தம் வந்த பிறகுதான் அது ருமேனியாவின் நிலம் என்று முடிவானது.

வரைபடக்காரர்கள் மறந்ததைத் தண்ணீர் மறக்கவில்லை. ருமேனியாவும் யூகோஸ்லாவியாவும் சேர்ந்து ‘இரும்பு வாயில்’ அணையைக் கட்டின. நீர் ஏறுமுன் வீடுகளை இடித்தார்கள், மரங்களை வெட்டினார்கள். 1970களின் தொடக்கத்தில் தீவு முழுகியது. சுல்தான் அப்துல் ஹமீது பள்ளிவாசலுக்குக் கொடுத்த, ஏறத்தாழ அரை டன் எடையுள்ள கம்பளம் தப்பியது. கான்ஸ்டன்ட்சா நகரின் பெரிய பள்ளிவாசலுக்குப் போய்ச் சேர்ந்தது.

கோட்டையின் சில பகுதிகளைப் பெயர்த்து, கீழ்ப்பக்கத்தில் உள்ள ஷிமியன் தீவில் மறுபடி கட்டினார்கள். ஊரையே அங்கே குடியமர்த்தத்தான் திட்டம். ஆனால் பலர் கான்ஸ்டன்ட்சாவுக்கோ துருக்கிக்கோ கிளம்பிவிட்டார்கள்.