பிறர் நாவுக்கு எழுதிய உரை

கி.மு. 4ஆம் நூற்றாண்டு ஏதென்ஸில் வாதியும் பிரதிவாதியும் தத்தம் வழக்கைத் தாமே எடுத்துரைப்பதே நடைமுறையாக இருந்ததால், கட்டணம் பெற்று நீதிமன்ற உரை எழுதித் தரும் 'லோகோகிராஃபர்' என்னும் தொழிலர் இருந்தனர். பொது வழக்குகளில் 501 பேரேனும் கொண்ட நடுவர் குழு, தமக்குள் கலந்து பேசாமலே வாக்களித்தது. பேச்சு நேரத்தை 'கிளெப்சிட்ரா' என்னும் நீர்க்கடிகாரம் அளந்தது. இத்தொழிலருள் தலைசிறந்தவரான லிசியாஸ், ஏதென்ஸின் குடியுரிமை இல்லாத அயலார். மனைவியின் கள்ளக்காதலனைக் கொன்ற யூஃபிலெட்டோஸுக்காக அவர் எழுதிய உரை, கொலையாளியைச் சூதுவாது அறியாத எளிய கணவராகவே காட்டுகிறது. பேசுபவரின் இயல்புக்கேற்பச் சொற்களை அமைக்கும் இவ்வுத்தியை 'எதோபோயியா' என்பர். அக்கொலையைச் சட்டம் அனுமதித்ததா என்னும் வாதத்தைக் காட்டிலும், சற்றே ஐயத்துக்குரிய இந்த வெகுளித்தனமே உரையின் உண்மையான வலிமை எனலாம்.