திசைகாட்டிச் செடி

திசைகாட்டிச் செடி என்பது வட அமெரிக்காவின் நடுப்பகுதியிலுள்ள உயரமான புல்வெளிகளைத் தாயகமாகக் கொண்ட, மஞ்சள் பூக்கள் பூக்கும் பல்லாண்டுத் தாவரம் ஆகும். இது சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்தது. இதன் தாவரவியல் பெயர் சில்பியம் லாசினியேட்டம். இல்லினாய்ஸ், அயோவா, மிசூரி, விஸ்கான்சின் முதலிய அமெரிக்க மாநிலங்களில் இயற்கையாக வளர்கிறது. அங்குள்ள வீட்டுத் தோட்டங்களிலும் வளர்க்கப்படுகிறது. விதைத்த பின் பூப்பதற்குப் பல ஆண்டுகள் ஆகும் என்பதே இதை வளர்க்க விரும்புவோர் முதலில் அறிய வேண்டியது.

தோற்றம்

பூந்தண்டு 1.5 முதல் 3 மீட்டர் உயரம் வரை வளரும். அடி இலைகள் பெரியவை. ஆழமாகப் பிளவுபட்டு, சொரசொரப்பாக இருக்கும். கோடைக்காலத்தில் சூரியகாந்தி போன்ற மஞ்சள் பூக்கள் தண்டின் மேற்பகுதியில் மலரும். சூரியகாந்தியில் நடு வட்டிலுள்ள சிறுமலர்கள் விதையாகின்றன. இச்செடியிலோ ஓரத்திலுள்ள இதழ் போன்ற மலர்கள் மட்டுமே விதை தரும். தண்டிலிருந்து பிசின் கசியும். அமெரிக்கப் பழங்குடி மக்கள் அதை மென்று வந்தனர்.

இலைகள் திசை காட்டுவது ஏன்?

அடி இலைகள் செங்குத்தாக நின்று, தம் இரு பரப்புகளையும் கிழக்கும் மேற்குமாகவும் விளிம்புகளை வடக்கும் தெற்குமாகவும் வைத்துக்கொள்ளும். பெயருக்குக் காரணம் இதுவே. இதனால் காலை வெயிலும் மாலை வெயிலும் இலைப்பரப்பில் நேராக விழுகின்றன. நண்பகலின் கடும் வெயில் பெரும்பாலும் விளிம்பிலேயே படுவதால் இலை அதிகம் சூடாவதில்லை, நீரிழப்பும் குறைகிறது. எல்லா இலைகளும் துல்லியமாக வடக்கைக் காட்டும் என்று எதிர்பார்க்கக் கூடாது. நிழலில் வளரும் செடிகளில் இந்த ஒழுங்கு குறைவாகவே இருக்கும்.

வேர்

இச்செடியின் ஆணிவேர் 3 முதல் 4 மீட்டர் ஆழம் வரை செல்லக்கூடியது. மேல்மண் காய்ந்தாலும் அடியிலிருந்து நீர் கிடைப்பதால் வறட்சியைத் தாங்கும். புல்வெளியில் தீ பரவித் தண்டு எரிந்தாலும் வேரிலிருந்து மீண்டும் துளிர்க்கும். முதல் சில ஆண்டுகளில் செடி தன் உணவில் பெரும்பங்கை வேருக்கே செலவிடுகிறது. எனவே மேலே ஒருசில இலைகள் மட்டும் தெரிவதைக் கண்டு செடி வளரவில்லை என்று பிடுங்கி எறியக் கூடாது.

வளர்க்கும் முறை

• நாள் முழுதும் வெயில் படும், நீர் தேங்காத இடம் வேண்டும். களிமண் கலந்த நிலத்திலும் நன்கு வளரும். வேர் ஆழமாக இறங்கிய பின் இடம் மாற்றுவது மிகக் கடினம். ஆகவே நிலையான இடத்திலேயே விதைப்பது நல்லது.

• முளைப்பதற்கு விதைகள் குளிரையும் ஈரத்தையும் கடந்து வர வேண்டும். இலையுதிர் காலத்தில் விதைத்தால் பனிக்காலமே அதைச் செய்துவிடும். வசந்தத்தில் விதைப்பதாயின், விதைகளை ஈரமணலில் கலந்து குளிர்பதனப் பெட்டியில் ஏறத்தாழ 2 மாதம் வைத்திருக்க வேண்டும்.

• செடிகளுக்கிடையே ஏறத்தாழ 1 மீட்டர் இடைவெளி விடலாம். முதல் கோடையில் நீர் ஊற்றிக் களை எடுக்க வேண்டும். வேரூன்றிய செடிக்கு அதிகக் கவனிப்பு தேவையில்லை.

• உரம் இடக் கூடாது. வளம் மிகுந்த மண்ணில் தண்டு அளவுக்கு மீறி உயர்ந்து சாய்ந்துவிடும். உயரமான புற்களின் நடுவே வளர்த்தால் அவையே தண்டைத் தாங்கிக்கொள்ளும்.

• பூத்து முடிந்த தண்டுகளைப் பனிக்காலம் முடியும்வரை விட்டுவைக்கலாம். பொன்சிட்டுகள் விதைகளைத் தின்ன வரும்.

• விதைகளை நாற்றுப்பண்ணைகளில் வாங்க வேண்டும். காட்டுச் செடியைத் தோண்டினால் வேர் அறுபடும். செடியும் பிழைப்பது அரிது.

அழிந்த புல்வெளிகளும் தோட்டங்களும்

19-ஆம் நூற்றாண்டில் எஃகு ஏர்கள் வந்தபின் இப்புல்வெளிகள் உழப்பட்டுச் சோள வயல்களாயின. ‘பிரெய்ரி மாநிலம்’ எனப்படும் இல்லினாய்ஸில் பழைய புல்வெளியில் ஆயிரத்தில் ஒரு பங்குகூட இன்று இல்லை. கல்லறைத் தோட்டங்களின் மூலைகளிலும் இருப்புப்பாதை ஓரங்களிலும் சில துண்டுகளே எஞ்சின.

சூழலியலாளர் ஆல்டோ லியோபோல்ட், 1949-இல் வெளிவந்த ‘எ சாண்ட் கவுண்டி அல்மனாக்’ என்ற நூலில் இச்செடியைப் பற்றி எழுதியுள்ளார். விஸ்கான்சினில் ஒரு கல்லறைத் தோட்டத்தின் மூலையில் ஆண்டுதோறும் பூத்து வந்த செடியை, வேலியை அகற்றிய சாலைப் பணியாளர்கள் வெட்டிவிட்டனர். தம் பண்ணையில் அவர் விதைத்தவை விரைவில் முளைத்தன. ஆனால் 5 ஆண்டுகள் கழிந்தும் பூக்கவில்லை.

வேர் நன்கு பிடித்த செடி பல பத்தாண்டுகள் வாழும். அதே வேகத்தில் இன்னொன்றை உண்டாக்க இயலாது. இதனால்தான் ஏற்கெனவே நிற்கும் செடிகளை வெட்டாமல் காப்பது, புதிதாக விதைப்பதைவிட முதன்மையானது. இரண்டையும் செய்யும் தோட்டங்கள், மறைந்துபோன புல்வெளியின் சிறு பகுதியையாவது நிலத்தில் நிறுத்தி வைக்கின்றன.