முதல் தேதி வெள்ளிக்கிழமை வராத நாடு

ஜே.ஆர்.ஆர். டோல்கீனின் ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ நாவலின் பின்னிணைப்பில், கதைச் சம்பவங்களை நாள்வாரியாக அடுக்கிய அட்டவணை ஒன்று இருக்கிறது. என்ட்டுகள் என்னும் மரமனிதர்கள் போருக்குப் போவதா, வேண்டாமா என்று கூடிப் பேசத் தொடங்கிய நாள் அதில் பிப்ரவரி 30 என்று பதிவாகியிருக்கிறது. இது அச்சுப் பிழை அல்ல. கதையின் நாயகர்களான ஹாபிட்டுகளின் நாட்காட்டியில் எல்லா மாதங்களுக்கும் 30 நாட்கள்தான்.

டோல்கீன் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் ஆங்கில மொழி, இலக்கியப் பேராசிரியராக இருந்தவர். 1954, 1955 ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்த இந்த நாவலின் கடைசிப் பாகத்தில், நாட்காட்டிகளுக்காகவே ஒரு பின்னிணைப்பு எழுதிச் சேர்த்தார். கற்பனைக் கதைக்கு இவ்வளவு கணக்கு எதற்கு என்று தோன்றலாம். ஆனால், அந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்தால், நாட்காட்டி என்னும் கண்டுபிடிப்பின் ஆழமே அதில் தெரிகிறது.

சூரியன் விடும் மீதி

ஆண்டு என்பது முழு நாட்களில் அடங்குவதில்லை. எல்லா நாட்காட்டிகளுக்கும் மூலச் சிக்கல் இதுதான். மந்திரமும் டிராகனும் உள்ள உலகில் ஆண்டுக்கு 360 நாள் என்று சுலபமாக முடித்திருக்கலாம். டோல்கீன் அப்படிச் செய்யவில்லை. நம் பூமியின் ஆண்டையே எடுத்துக்கொண்டு, 365 நாள், 5 மணி, 48 நிமிடம், 46 விநாடி என்று அடிக்குறிப்பும் போட்டார்.

நூமெனோர் என்னும் தீவு ராஜ்யம் இந்த மீதியை எப்படிச் சமாளித்தது என்று பாருங்கள். நான்கு ஆண்டுக்கு ஒரு லீப் நாள்; நூற்றாண்டின் கடைசி ஆண்டில் மட்டும் அது கிடையாது. ஆயிரம் ஆண்டில் 240 லீப் நாட்கள் சேரும். ஆனால் தேவைப்படுவது 242 நாளும் சில மணி நேரமும். எனவே ஆயிரமாவது ஆண்டில் இரண்டு நாட்களைக் கூடுதலாகச் சேர்த்தார்கள். அதற்குப் பிறகும் 4 மணி, 46 நிமிடம், 40 விநாடி பற்றாக்குறை நிற்கும் என்று டோல்கீன் எழுதுகிறார். ஆண்டுக்கு எஞ்சும் 20,926 விநாடிகளை ஆயிரத்தால் பெருக்கி, அதிலிருந்து 242 நாட்களைக் கழித்தால் மிஞ்சுவது 17,200 விநாடி. அவர் சொன்ன அதே காலம், ஒரு விநாடி பிசகாமல்!

சாவில்லாத எல்ஃப் இனத்துக்கு நம் ஆண்டு மிகச் சிறியது. அவர்களின் பேரலகு 144 ஆண்டுகள் கொண்டது. அதில் 52,596 நாட்கள். ஆறு நாள் வாரங்களாக எண்ணினால் 8,766. எண்ணும் முறையே, எண்ணுகிறவர்களின் ஆயுளைச் சொல்லிவிடுகிறது.

கிழமை இல்லாத நாள்

இவை எல்லாவற்றையும்விட அழகானது ஹாபிட்டுகள் வாழும் ஷயர் நாட்டின் முறை. 12 மாதங்களுக்கு 360 நாள். மிச்சம் ஐந்தும் எந்த மாதத்திலும் சேராத விழா நாட்கள். ஆண்டு முடிவில் ஒன்று, தொடக்கத்தில் ஒன்று என இரண்டு யூல் நாட்கள். கோடையின் நடுவே மூன்று. அந்த மூன்றில் நடுவில் வருவது ‘ஆண்டின் நடுநாள்’. லீப் ஆண்டில் அதற்கு அடுத்து இன்னொரு நாள் கூடும்.

இதுவரை புதுமை இல்லை. பண்டைய எகிப்தியர்களும் 360 நாட்களோடு ஐந்தைச் சேர்த்தே எண்ணினார்கள். ஹாபிட்டுகள் இன்னும் ஓரடி முன்னே போனார்கள். 365-ஐ ஏழால் வகுத்தால் 52 வாரம் போக ஒரு நாள் மிஞ்சும். ஆண்டுதோறும் தேதிக்கும் கிழமைக்கும் உள்ள பொருத்தம் மாறுவது அந்த ஒரு நாளால்தான். அவர்கள் நடுநாளுக்கும் லீப் நாளுக்கும் கிழமையே கிடையாது என்று முடிவு செய்துவிட்டார்கள். எஞ்சிய 364 நாட்களும் 52 வாரங்களில் கச்சிதமாக அடங்கிவிட்டன. எந்த ஆண்டானாலும் சனிக்கிழமை தொடங்கி வெள்ளிக்கிழமை முடியும். ஒரு முறை அச்சடித்த நாட்காட்டி என்றைக்கும் செல்லும்.

முதல் நாளான யூல் சனிக்கிழமை என்றால், முதல் மாதத்தின் முதல் தேதி ஞாயிறு. மாதத்துக்கு 30 நாள் என்பதால் அடுத்தடுத்த மாதப் பிறப்புகள் செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன் என இரண்டிரண்டாகத் தாவும். அடுத்து வரும் வெள்ளி ஒரு விழா நாளுக்குப் போய்விடும். நடுநாளுக்குக் கிழமை இல்லை. மறுநாள் சனி. பிறகு மீண்டும் ஞாயிற்றிலிருந்து அதே வரிசை. ஆக, எந்த மாதமும் வெள்ளிக்கிழமை பிறப்பதில்லை. அதனால்தான் நடக்கவே நடக்காத காரியத்தை, ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை நடக்கும்’ என்று ஷயரில் கேலியாகச் சொல்வார்கள் என்கிறார் டோல்கீன். பன்றி பறப்பது, மரம் நடப்பது போன்ற காரியங்களுக்கான நாள் அது. கணக்கிலிருந்து ஒரு சொலவடையைப் பிறப்பித்த எழுத்தாளர்கள் அபூர்வம்.

ஐ.நா. வரை போன யோசனை

இந்த யோசனை கதையில் மட்டும் இருந்ததல்ல. ஆண்டுக்கு ஒரு நாளைக் கிழமையிலிருந்து விலக்கும் ‘உலக நாட்காட்டி’யை 1930-ல் அமெரிக்காவைச் சேர்ந்த எலிசபெத் ஏகெலிஸ் முன்வைத்தார். 1953-ல் அதை ஐக்கிய நாடுகள் சபையின் பொருளாதார, சமூக மன்றத்துக்குக் கொண்டுபோன நாடு இந்தியா. இயற்பியலாளர் மேகநாத் சாஹா 1954-ல் ஜெனீவா சென்று அதற்காக வாதாடினார். டோல்கீனின் நாவல் வெளிவந்துகொண்டிருந்த அதே காலம்.

ஆனால் திட்டம் நிறைவேறவில்லை. கிழமை இல்லாத ஒரு நாள் புகுந்தால், ஏழு நாளுக்கு ஒருமுறை வரும் வழிபாட்டு நாள் ஆண்டுக்கு ஆண்டு இடம் மாறும். யூதர்களின் ஓய்வுநாள், கிறிஸ்தவர்களின் ஞாயிறு, இஸ்லாமியர்களின் வெள்ளி மூன்றுக்கும் இதே நிலைதான். 1955-ல் அமெரிக்கா ஆதரவளிக்க மறுத்தது. மறு ஆண்டு ஐ.நா. அதைக் காலவரையின்றித் தள்ளிவைத்தது. பிரெஞ்சுப் புரட்சியாளர்களின் பத்து நாள் வாரத்துக்கும் முன்பே இதே கதிதான் நேர்ந்தது.

இதில் எந்தத் திட்டமும் கணக்கில் தோற்கவில்லை. 242 நாளையும் மீதி விநாடிகளையும் பென்சிலும் தாளும் இருந்தால் யாரும் சரிக்கட்டிவிடலாம். ஒரு நாளுக்குக் கிழமை வேண்டாம் என்று ஊர் முழுவதும் ஒரே மனதாக ஒப்புக்கொள்வதுதான் கடினம். டோல்கீனின் பக்கங்களில் மிகப் பெரிய கற்பனை டிராகன் அல்ல, அந்த ஒப்புதல்தான். புதிய உலகங்களைப் படைக்க நினைக்கும் எழுத்தாளர்கள் தங்கள் மாதங்களுக்குப் பெயர் தேடும் முன், மிச்சமாகும் நாட்களை அந்த மக்கள் என்ன செய்வார்கள் என்று யோசிக்கட்டும். அதற்குக் கிடைக்கும் பதிலில் அவர்களின் விழாவும் வழிபாடும் அரசியலும் சேர்ந்தே வந்துவிடும்.