ஆடுகளத்திலிருந்து எல்லைக்கோட்டுக்கு

1980ஆம் ஆண்டு மே மாதம். கோலாலம்பூர் மெர்டேக்கா விளையாட்டரங்கில் மலேசியக் கிண்ண இறுதியாட்டம் நடந்துகொண்டிருந்தது. சிங்கப்பூரும் சிலாங்கூரும் மோதின. ஆட்டம் சமநிலையில் இருந்தபோது, சிங்கப்பூரின் வெற்றிக் கோலை அடித்தவருக்கு வயது 17. பதினெட்டை எட்ட இன்னும் சில வாரங்கள் இருந்தன. 2-1 என்ற கோல் கணக்கில் கிண்ணம் சிங்கப்பூருக்கு வந்தது. அந்த இளையரின் பெயர் ஃபாண்டி அகமது.

உங்கள் பெற்றோரிடமோ தாத்தாவிடமோ இந்தப் பெயரைச் சொல்லிப் பாருங்கள். அவர்கள் அடித்த கோல்களைப் பற்றித்தான் பேசுவார்கள். அவர் பயிற்றுநராக இருந்த ஆண்டுகளைப் பற்றிப் பேசுவோர் குறைவு. ஆனால், ஒருவர் ஆட்டக்காரர் என்ற நிலையிலிருந்து பயிற்றுநராக மாறும்போது என்ன நிகழ்கிறது என்பதை அறிய, அவரது வாழ்க்கையின் இரண்டாம் பாதிதான் நமக்கு உதவுகிறது.

ஃபாண்டியின் தந்தை அகமது வார்த்தாம் சிங்கப்பூரின் கோல்காவலராக இருந்தவர். மகனும் முதலில் கோல்காவலராகவே ஆடினார். அவரை நடுக்களத்திற்கு மாற்றியவர் பள்ளியின் விளையாட்டு ஆசிரியர். வீட்டில் வசதி குறைவு. தொடக்கப்பள்ளி நாள்களில் குடும்பத்திற்கு உதவ நாசி லெமாக் விற்றிருக்கிறார். அந்த ஆசிரியர் அன்று அவரை இடம் மாற்றாமல் இருந்திருந்தால் 1980இல் அந்தக் கோல் விழுந்திருக்குமா? ஆட்டக்காரர் ஒருவருக்கு எந்த இடம் பொருந்தும் என்று கண்டுபிடிப்பது பயிற்றுநரின் முதல் வேலை. ஃபாண்டி அதன் பயனைச் சிறு வயதிலேயே அனுபவித்தவர்.

தொழில்முறை ஆட்டக்காரராக அவர் சென்ற இடங்கள் பல. நெதர்லாந்தின் அயாக்ஸ் குழு ஒப்பந்தம் தர முன்வந்தபோதும், அவர் முதலில் தேர்ந்தெடுத்தது இந்தோனேசியாவின் சுரபாயா நகரைச் சேர்ந்த நியாக் மித்ரா குழுவைத்தான். 1983இல் இங்கிலாந்தின் ஆர்சனல் குழு அந்நகருக்கு வந்து ஆடியபோது, நியாக் மித்ரா 2-0 என வென்றது. அதில் ஒரு கோல் ஃபாண்டியுடையது. அதன்பின் இந்தோனேசிய லீக்கில் வெளிநாட்டு ஆட்டக்காரர்களுக்குத் தடை வந்தது. ஆகவே, அவர் நெதர்லாந்தின் குரோனிங்கன் குழுவில் சேர்ந்தார். காயத்தால் சற்றுக் காத்திருந்த பிறகே களம் இறங்க முடிந்தது. அந்த ஆண்டு அக்டோபரில் ஐரோப்பிய யூஃபா கிண்ணப் போட்டியில் இத்தாலியின் இன்டர் மிலான் குழுவுக்கு எதிராக அவர் கோல் அடித்தார். குரோனிங்கன் 2-0 என வென்றது. இரண்டாவது சுற்றில் இன்டர் 5-1 என வென்று முன்னேறியது உண்மைதான். ஆனாலும், குரோனிங்கன் ரசிகர்கள் அந்தக் கோலை மறக்கவில்லை.

பிறகு கோலாலம்பூர்க் குழுவுக்கு ஆடி, 1987, 1988, 1989 என மூன்று ஆண்டுகள் தொடர்ந்து மலேசியக் கிண்ணத்தை வென்றார். பகாங் குழுவுடன் 1992இல் மீண்டும் வென்றார். 1993இல் சிங்கப்பூருக்குத் திரும்பினார். அப்போது சிங்கப்பூர்க் குழு மலேசிய லீக்கின் இரண்டாம் பிரிவில் இருந்தது. அக்குழுவில் அவருடன் ஆடியவர் வி. சுந்தரமூர்த்தி. இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னர் மீண்டும் வரும். அந்த ஆண்டு கிண்ண இறுதியாட்டத்தில் கெடாவிடம் தோற்றது சிங்கப்பூர். அடுத்த ஆண்டு, ஃபாண்டியின் தலைமையில் லீக்கையும் கிண்ணத்தையும் சேர்த்தே வென்றது. ஷா ஆலாமில் நடந்த இறுதியாட்டத்தில் பகாங்கை 4-0 என்ற கணக்கில் வீழ்த்தியது.

இப்படிப்பட்ட ஒருவர் நல்ல பயிற்றுநராகவும் இருப்பார் என்று நாம் எளிதாக எண்ணிவிடுகிறோம். இங்கேதான் சற்று நின்று யோசிக்க வேண்டும்.

ஆட்டக்காரர் பந்தைப் பார்க்கிறார். பந்து தம்மிடம் வரும் அந்த ஒரு நொடியில் என்ன செய்வது என்பதே அவரது கேள்வி. பயிற்றுநர் பந்து இல்லாத இடத்தையும் பார்க்க வேண்டும். தற்காப்பு வரிசையில் இடைவெளி விழுகிறதா, நடுக்கள ஆட்டக்காரர் களைத்துவிட்டாரா, எதிரணி எந்தப் பக்கம் தாக்குகிறது என்று அவர் கவனிக்க வேண்டும். ஆட்டக்காரர் தவறு செய்தால் அடுத்த நிமிடம் ஓடிச் சரிசெய்யலாம். எல்லைக்கோட்டுக்கு வெளியே நிற்பவரால் ஓட முடியாது. குறிப்பிட்ட எண்ணிக்கையில் மாற்று ஆட்டக்காரர்களை இறக்கலாம், கத்தலாம், இடைவேளையில் பதினைந்து நிமிடங்கள் பேசலாம். அவ்வளவுதான்.

இன்னொரு சிக்கலும் உண்டு. இயல்பாகவே திறமை உள்ளவர்களுக்குத் தாங்கள் எப்படி அதைச் செய்கிறோம் என்று விளக்கத் தெரிவதில்லை. உங்கள் வகுப்பில் கணக்கை நொடியில் போட்டுவிடும் நண்பரிடம் வழிமுறையைக் கேட்டுப் பாருங்கள். "இப்படித்தான் வரும்" என்பார். காற்பந்திலும் அதே கதைதான். அதனால்தான் முன்னாள் ஆட்டக்காரர்களும் பயிற்றுநராவதற்குத் தனியே படிக்க வேண்டியுள்ளது. ஆசியக் காற்பந்துக் கூட்டமைப்பு சி, பி, ஏ, அதற்கும் மேலே புரோ எனப் படிப்படியாகச் சான்றிதழ்களை வழங்குகிறது. தேசிய அணிக்கு நூறு முறை ஆடியவரும் அந்தப் படிகளில் ஏறித்தான் ஆக வேண்டும்.

ஃபாண்டியின் தொடக்கம் என்னவோ இனிதாகவே அமைந்தது. சிங்கப்பூர் ஆயுதப்படைக் காற்பந்துக் குழுவின் பயிற்றுநராகி, 2000ஆம் ஆண்டு எஸ் லீக் பட்டத்தை வென்றார். பிறகு அவர் ஏற்றது எளிதில் பெயர் வாங்கித் தராத பொறுப்பு. இளம் ஆட்டக்காரர்கள் மட்டுமே கொண்ட யங் லயன்ஸ் குழுவைப் பயிற்றுவித்தார். எஸ் லீக்கில் அனுபவம் மிக்கவர்களை எதிர்த்து ஆடும் இளையர்கள் அடிக்கடி தோற்பார்கள். அதைப் பொறுத்துக்கொள்வதும் அப்பணியின் ஒரு பகுதிதான். அடுத்து, இந்தோனேசியாவின் பெலிதா ஜெயா குழுவுக்குச் சென்று 2010 வரை இருந்தார்.

ஜொகூரில்தான் இந்தத் தொழிலின் கடுமை தெரிந்தது. 2011இல் அங்கே பொறுப்பேற்றார். 2013இல் அக்குழு பெரும் பணம் செலவழித்து ஐரோப்பாவிலிருந்து ஆட்டக்காரர்களைக் கொண்டுவந்தது. எதிர்பார்ப்பும் ஏறியது. அவ்வாண்டிலேயே பொறுப்பு வேறொருவரிடம் சென்றது. ஆட்டக்காரர் ஒருவர் சரியாக ஆடாவிட்டால் மாற்று இருக்கையில் அமர வைப்பார்கள்; பயிற்றுநருக்கு மாற்று இருக்கை கிடையாது.

அதே காலத்தில் மலேசிய லீக்கில் ஆடிய லயன்ஸ் 12 என்ற சிங்கப்பூர்க் குழுவைப் பயிற்றுவித்தவர் சுந்தரமூர்த்தி. ஒரு காலத்தில் ஃபாண்டிக்குப் பந்து தட்டிக் கொடுத்த அதே நண்பர்தான். 2013இல் அவர் மலேசிய சூப்பர் லீக் பட்டத்தை வென்று கொடுத்தார். அவருக்குப் பின் அந்த நாற்காலியில் அமர்ந்தார் ஃபாண்டி. பட்டம் வென்ற குழுவை ஏற்பது நல்ல வாய்ப்பு என்று தோன்றலாம். ஆனால், மூத்த ஆட்டக்காரர் சிலர் விலகி ஜொகூருக்குச் சென்றுவிட்டார்கள். இளையர்களுக்கு இடம் தரும் குழுவாக லயன்ஸ் 12 மாறியது. 2014இல் அது பட்டியலின் கீழ்ப்பாதிக்கு இறங்கியது. ரசிகர்கள் குறைபட்டுக்கொண்டதில் வியப்பில்லை.

2015 மே 23. புக்கிட் ஜாலில் விளையாட்டரங்கில் மலேசிய எஃப்ஏ கிண்ண இறுதியாட்டம். எதிரே பெரும் ரசிகர் படையுடன் கிளந்தான் நின்றது. லயன்ஸ் 12, 3-1 என்ற கணக்கில் வென்றது. சிங்கப்பூர்க் குழு ஒன்று அந்தக் கிண்ணத்தை வென்றது அதுவே முதல் முறை. ஆட்டக்காரராக ஃபாண்டி ஐந்து முறைக்கு மேல் மலேசியக் கிண்ணத்தைத் தூக்கியவர். இந்தக் கிண்ணத்தைப் பயிற்றுநராகத்தான் தொட்டார். என்னைக் கேட்டால், மற்றவற்றைவிட இதுவே அரிய வெற்றி. அன்று அவரது கால் பந்தில் படவே இல்லை.

மகிழ்ச்சி நீடிக்கவில்லை. மலேசியக் காற்பந்துச் சங்கம் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காததால், அந்த ஆண்டின் இறுதியில் லயன்ஸ் 12 கலைக்கப்பட்டது. கிண்ணத்தைத் தற்காக்கக் குழுவே இல்லாமல் போயிற்று.

2018இல் தேசிய அணியின் பயிற்றுநர் பொறுப்பிலிருந்து சுந்தரமூர்த்தி விலகியபோது, அதை இடைக்காலமாக ஏற்றவரும் ஃபாண்டிதான். அணியில் அவருடைய மகன்கள் இருவரும் இருந்தார்கள். இர்ஃபான் தற்காப்பு ஆட்டக்காரர். இக்சான் தாக்குதல் ஆட்டக்காரர். மகனை ஆட வைத்தால் ஒரு பேச்சு. உட்கார வைத்தால் இன்னொரு பேச்சு. வீட்டில் அப்பா, திடலில் பயிற்றுநர் என்ற இந்த இரட்டை நிலை எல்லாருக்கும் வாய்ப்பதில்லை. அந்த ஆண்டு தென்கிழக்காசியக் கிண்ணப் போட்டியில் சிங்கப்பூர் இந்தோனேசியாவை 1-0 என்றும், திமோர் லெஸ்தேயை 6-1 என்றும் வென்றது. பிலிப்பீன்ஸிடமும் தாய்லாந்திடமும் தோற்று முதல் சுற்றோடு வெளியேறியது.

அடுத்த ஆண்டு தேசிய அணிக்கு ஜப்பானியப் பயிற்றுநர் ஒருவர் வந்தார். ஃபாண்டி 22 வயதுக்குட்பட்டோர் அணியை அழைத்துக்கொண்டு தென்கிழக்காசிய விளையாட்டுகளுக்காகப் பிலிப்பீன்ஸுக்குப் புறப்பட்டார்.