கோழிக் கொட்டகை: அகலமா, நீளமா?

புறக்கடையில் நாட்டுக்கோழி வளர்ப்போர், அடைவைத்த இரண்டு கோழிகள் இருபது குஞ்சுகளைப் பொரித்தவுடன் இடப்பற்றாக்குறையை உணர்வதில்லை. குஞ்சுகள் இரண்டு மாதங்களைக் கடந்து, தாயை விட்டுப் பிரிந்து, இரவில் குறுக்குக் கழிகளின்மேல் ஏறி அடையத் தொடங்கும்போதுதான் நெரிசல் கண்ணுக்குப் படுகிறது. வளர்ந்த கோழி ஒன்றுக்கு ஏறத்தாழ 2 சதுர அடி என்பது பொதுவான கணக்காதலால், 40 சதுர அடியில் 20 கோழிகள் தங்கலாம். 40 கோழிகளை அடைத்தால் ஒன்றையொன்று கொத்தி இறகு பிடுங்கத் தொடங்கிவிடும்.

இந்நிலையில் பலரும் பக்கவாட்டில் சாய்ப்பு இறக்கி அகலத்தைக் கூட்டுகின்றனர். செலவு குறைவுதான், ஆனால் வெப்பநாட்டுக்கு இது ஒவ்வாத வழி. வியர்வைச் சுரப்பி இல்லாத கோழி, அலகைத் திறந்து இளைத்தே உடற்சூட்டைத் தணித்துக்கொள்வதால், ஒருபுற வலையில் நுழைந்து மறுபுறம் வெளியேறும் காற்றே அதற்கு உயிர்நாடி. கொட்டகை அகன்று, கூரையும் தாழ்ந்தால் அக்காற்று நடுவிலேயே தேங்கிவிடும். எனவே கிழக்கு மேற்காக அமைந்த கொட்டகையை அதே திசையில் நீட்டுவதே தக்கது. அவ்வாறு செய்தால் காலை, மாலை வெயில் குறுகிய முகப்புகளில் மட்டுமே நேராக விழும். நீட்டிய பகுதியின் வலைக்கண் அரை அங்குலத்துக்கு மேற்படின், கீரி நுழையாவிட்டாலும் பாம்பு நுழையும்.

தரையில் நெல் உமியோ கடலைத்தோலோ பரப்பி, எச்சம் அதிலேயே மக்குமாறு அவ்வப்போது கிளறிவிடுவதை ஆழ்கூள முறை என்பர். ஒரு பிடிக் கூளத்தை அள்ளி இறுக்கிப் பார்த்தால், கையைத் திறந்ததும் அது உதிர வேண்டும். உருண்டையாகவே நின்றால் ஈரம் மிகுதி. ஈரக்கூளத்தில் கண்ணை எரிக்கும் அம்மோனியா எழுவதோடு, குடலைத் தாக்கும் ஒட்டுண்ணியால் வரும் ரத்தக்கழிச்சலும் பரவும். ஆளுயரத்தில் நாற்றம் தெரியாமல் போகலாம் என்பதால், குனிந்து கோழியின் தலைமட்டத்தில் மோந்து பார்ப்பதே சரியான சோதனை.

சந்தையில் வாங்கிய கோழிகளை அன்றே உள்ளே விடுவது, கொட்டகைக் குறைகள் அனைத்தையும்விடக் கேடானது. வெள்ளைக்கழிச்சல் எனப்படும் ராணிக்கெட் நோய் உள்ளே புகாதிருக்க, அவற்றை இரண்டு மூன்று வாரம் தொலைவில் வைத்துக் கவனித்தபின், புதிய பகுதியில் வலைத்தடுப்புக்கு அப்பால் சில நாள் விட வேண்டும். கோழிகளிடையே எது எதைக் கொத்தலாம் என்ற வரிசை உண்டு. புதியவை வந்தால் அது மீண்டும் போராடியே நிலைபெறும். அக்காலத்தில் தீவனத் தொட்டியும் தண்ணீரும் கொட்டகையின் இரு கோடிகளிலும் இருந்தால்தான், விரட்டப்பட்ட கோழிக்கும் இரை கிட்டும்.